ஏறியது ஒன்று, இறங்கியது பூஜ்யம்

"அத்தான், அந்தப் பெட்டியை இன்னொரு தடவை திறந்தீங்கன்னா, அதுவே வாயைத் திறந்து 'என்கிட்ட இல்லை சாமி'ன்னு சொல்லிடும்," என்றான் மச்சினன்.

துப்பறிவாளர் அவனை முறைத்துவிட்டு ஏழாவது தடவையாகப் பெட்டியைத் திறந்தார். உள்ளே பச்சைத் துணி ஒட்டியிருந்தது. துணியின் நடுவில் ஒரு வட்டப் பள்ளம் இருந்தது. பள்ளத்தில் இருக்க வேண்டிய பொருள்தான் இல்லை. மூடியைப் படாரென்று சாத்திவிட்டு, வலது இடுப்பைப் பிடித்துக்கொண்டு முனகினார்.

"வயசாயிடுச்சு அத்தான் உங்களுக்கு."

"வயசும் இல்லை, வாயுவும் இல்லை. முதல் வகுப்புன்னு பேரு! கண்ணுல கரி விழுது, ஜன்னல் சாத்த மாட்டேங்குது, மெத்தையில ஸ்பிரிங் எழும்பி நிக்குது. முக்கால் மணி நேரம் அது மேல உக்காந்து வந்தவனுக்குத்தான் தெரியும் கஷ்டம்."

மனிதருக்கு எரிச்சல் வந்ததில் நியாயம் இருந்தது. ஆறு மாதத்துக்குப் பிறகு மலை மேல் நாலு நாள் ஓய்வு என்று கிளம்பியவர். மனைவி முன்கூட்டியே மேலே போய்விட்டாள். மத்தியானச் சாப்பாட்டுக்கு வந்து சேராவிட்டால் அப்படியே திரும்பிப் போய்விடலாம் என்று தம்பியிடம் சொல்லி அனுப்பியிருந்தாள். இப்போது மணி பன்னிரண்டு பத்து. அவரை ஏற்றி வந்த குட்டி ரயில், பாதி மலையில், இந்த ஒற்றை அறை ஸ்டேஷனில், பதினொரு மணியிலிருந்து நின்றுகொண்டிருந்தது.

காரணம் ஒரு பித்தளை உருண்டை. ஆபீஸ் கணக்கில் அதற்கு டோக்கன் என்று பெயர். ஒரு தோல் பைக்குள் போட்டு, கை நுழைகிற பிரம்பு வளையத்தோடு கட்டியிருப்பார்கள். மேலே போவதற்கு ஒற்றைப் பாதைதான். இங்கிருந்து உச்சி ஸ்டேஷன் வரை எந்த வண்டி போனாலும் டிரைவர் கையில் அந்த உருண்டை இருந்தாக வேண்டும். உருண்டை ஒன்றே ஒன்று என்பதால் எதிரே இன்னொரு வண்டி வந்து முட்டாது. உருண்டை இல்லாவிட்டால் வண்டி ஓர் அடி நகராது.

"ரெண்டு மணிக்கு இன்ஸ்பெக்டர் டிராலில வர்றார் சார்," என்றார் ஸ்டேஷன் மாஸ்டர். ஒல்லியான மனிதர். பேசும்போது பேனா மூடியைக் கடித்துக்கொண்டே இருந்தார். "டோக்கன் இல்லைன்னு தெரிஞ்சா அந்த நிமிஷமே என்னை சஸ்பெண்ட் பண்ணிடுவார். ரிட்டயர் ஆக அஞ்சு மாசம் இருக்கு. முப்பத்திநாலு வருஷத்துல என் பேர்ல ஒரு சிவப்பு மைக் கோடு விழுந்ததில்லை. துப்பறியறவர் நீங்க வண்டியிலேயே இருக்கீங்கன்னு கார்டு சொன்னப்ப எனக்குப் போன உயிர் திரும்பி வந்துச்சு."

"கடைசியா எப்ப பாத்தீங்க?"

"எட்டே முக்காலுக்கு மேலேருந்து வண்டி இறங்கிச்சு. டிரைவர் வளையத்தை நீட்டினார், பாயிண்ட்ஸ்மேன் வாங்கினார். ஜன்னல் வழியா நானே பாத்தேன். ஒன்பது மணிக்கு வண்டி கீழே போச்சு. கீழே இன்ஜினை மாத்திக்கிட்டு அதே வண்டிதான் பதினோரு மணிக்கு உங்களை ஏத்திக்கிட்டு வந்தது. மேலே அனுப்பலாம்னு பெட்டியைத் திறந்தா காலி!"

"பாயிண்ட்ஸ்மேன் அதை உங்க கையில கொடுக்கலையா?"

மாஸ்டர் ஜன்னலைப் பார்த்தார். "நாங்க பேசிக்கிறதில்லை சார்."

"ஏன்?"

"அவர் என் சம்பந்தி."

"போதும் அத்தான், அதுக்கு மேல காரணம் கேக்காதீங்க," என்றான் மச்சினன்.

கேட்டுத்தான் தீர வேண்டியிருந்தது. மூன்று வாரத்துக்கு முன் மாஸ்டரின் ஒரே மகளுக்கும் பாயிண்ட்ஸ்மேனின் ஒரே மகனுக்கும் கல்யாணம். பதினொரு வருஷம் ஒன்றாக வேலை பார்த்தவர்கள், சம்பந்தி ஆன மறுநாளிலிருந்து முகம் திருப்பிக்கொண்டார்கள். யார் ஆரம்பித்தது என்று கேட்டால் மாஸ்டர் அவரைக் கைகாட்டினார். வேலை நடக்க வேண்டுமே? மாஸ்டர் உத்தரவைத் துண்டுச் சீட்டில் எழுதி வாசல் ஆணியில் குத்துவார். பாயிண்ட்ஸ்மேன் அதைப் படித்துவிட்டுச் சொன்னபடி செய்வார். வாயைத் திறந்து பேசியே ஆகவேண்டும் என்றால் இரண்டு பேரும் சுவரைப் பார்த்துப் பேசுவார்கள்.

துப்பறிவாளர் பெட்டியைத் திருப்பிப் பார்த்தார். மூடியில் வெள்ளைப் பெயிண்டில் எழுதியிருந்த எதையோ பிளேடால் சுரண்டியிருந்தார்கள். கடைசி எழுத்து 'ளை' மட்டும் தப்பியிருந்தது.

"இது என்ன?"

"பழைய எழுத்து சார். விடுங்க," என்றார் மாஸ்டர் அவசரமாக.

"பித்தளைன்னு எழுதியிருப்பாங்க," என்றார் துப்பறிவாளர்.

"கொள்ளைன்னும் இருக்கலாம்," என்றான் மச்சினன். "முன்னாடியே எச்சரிக்கை பண்ணியிருக்காங்க."

பாயிண்ட்ஸ்மேனின் கேபின் பிளாட்பாரத்தின் அந்தக் கோடியில் இருந்தது. போகும் வழியில் பயணிகள் அறை. உள்ளே இரும்புப் பெட்டியை மடியில் வைத்துக்கொண்டு, மடிப்புக் கலையாத சட்டையோடு ஒரு வாலிபன் உட்கார்ந்திருந்தான். மச்சினன் தன் பையை அவன் பக்கத்தில் போட்டான். "கொஞ்சம் பாத்துக்கங்க தம்பி, வந்துடறேன்." வாலிபன் தலையசைத்து, பையைத் தன் பெட்டிக்குப் பக்கத்தில் நேராக வைத்தான். வண்டி நின்ற நேரத்துக்குள் மச்சினன் அவனோடு ஏற்கெனவே மூன்று ஆட்டம் சீட்டு ஆடியிருந்தான்.

பாயிண்ட்ஸ்மேன் ஆஜானுபாகு. எண்ணெய்த் துணியால், தண்டவாளத்தை மாற்றிவிடும் ஒரு நெம்புகோலைத் துடைத்துக்கொண்டிருந்தார். அது ஏற்கெனவே பளபளத்தது. வந்தவர்களைத் திரும்பிப் பார்க்காமல் நெம்புகோலிடமே பேசினார்.

"எழுத்துல என்ன இருந்துதோ அதைச் செஞ்சேன்."

"டோக்கனை என்ன பண்ணீங்க?"

"வண்டி நிறைய ஆளை வச்சுக்கிட்டு என்னைத் திருடன்னு சொன்னாரே, அவரை வந்து கேக்கச் சொல்லுங்க. அவருக்குப் பதில் சொல்றேன்."

"ரெண்டு மணிக்கு அவர் வேலை போயிடும்."

துணி ஒரு நொடி நின்றது. மறுபடி துடைக்க ஆரம்பித்தது. "பதினோரு வருஷம் பழகினவன் மேல நம்பிக்கை போயிடுச்சே, அதை விடவா?"

துப்பறிவாளர் பல்லைக் கடித்தார். பொய் சொல்கிறவர்களோடு அவருக்குப் பழக்கம் உண்டு. அவர்களை மடக்குவது சுலபம். ரோஷக்காரர்களிடம்தான் அவருடைய பாச்சா பலிப்பதில்லை.

"சரி, ஒன்பது மணி வண்டியில இங்கேருந்து யார் போனாங்க? அதையாவது சொல்லுங்க."

"மாப்பிள்ளை மட்டும்தான். முதல் வகுப்புல, ஜன்னல் ஓரமா வச்சேன். கார்டுகிட்ட பாஸையும் காட்டினேன். எழுத்துப்படி."

சொல்லிவிட்டு அடுத்த நெம்புகோலைத் துடைக்கப் போனார்.

வெளியே வந்ததும் மச்சினன் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தான். "கவனிச்சீங்களா அத்தான்? பெத்த பிள்ளையைப் போய் மாப்பிள்ளைங்கறார். சரி, அதுதான் போகட்டும். 'உக்கார வச்சேன்'னு சொல்லலாம்ல? 'வச்சேன்'னாம். மாப்பிள்ளை என்ன பூந்தொட்டியா?"

"சம்பந்தி மேல கோபம். 'உன் மாப்பிள்ளை'ன்னு குத்திக் காட்டறார். உன் நக்கலைக் கொஞ்சம் மூட்டை கட்டி வை," என்றார் துப்பறிவாளர். அந்த நக்கலை மூட்டை கட்டச் சொன்னதற்காகப் பின்னால் அவர் மிகவும் வருத்தப்பட்டார்.

மாஸ்டரின் அறைக்குத் திரும்பியபோது மணி பன்னிரண்டரை.

"உங்க மாப்பிள்ளை காலையில வண்டியேறினாரா?"

"ஆமா சார். நான்தான் சீட்டுல எழுதி வச்சேன். நாளைக்குக் காலையில கீழே தலைமை ஆபீஸ்ல அவருக்குக் கிளார்க் வேலைக்கு நேர்முகம். முதல் வகுப்புக்குப் பாஸ் வாங்கி, சீட்டோட சேத்துக் குத்தி வச்சேன்."

"அவர் ஏறினதைப் பாத்தீங்களா?"

"இல்லை. நான் வந்து... உள்ளேயே இருந்துட்டேன்." மாஸ்டரின் காது மடல் சிவந்தது.

"மாப்பிள்ளையை வழியனுப்பக்கூட வெளியே வரலையா?"

பேனா மூடி நறுக்கென்று உடைந்தது. துப்பறிவாளருக்கு மூக்கு வியர்த்தது. மாமனாருக்கும் மருமகனுக்கும் ஏதோ இருக்கிறது! சுவரில் தொங்கிய டெலிபோனைச் சுழற்றிக் கீழ் ஸ்டேஷனைப் பிடித்தார். அங்கே இருந்த கிளார்க், காலை வண்டியின் கார்டு கொடுத்துவிட்டுப் போன கணக்குத் தாளைப் படித்தார்.

"முதல் வகுப்பு, நடு ஸ்டேஷன்ல ஏறியது ஒண்ணுன்னு எழுதியிருக்கார் சார்."

"இறங்கினது?"

"பூஜ்யம்."

"நல்லாப் பாருங்க."

"பாக்கறதுக்கு என்ன சார் இருக்கு? முதல் வகுப்புக்கு ஒரே கதவு. நான்தான் அங்க நின்னேன். ஒரு ஈ கூட இறங்கலை."

துப்பறிவாளர் போனை வைத்துவிட்டு நிமிர்ந்தார். ஒன்றரை மணி நேரத்தில் முதல் தடவையாக அவர் முகத்தில் களை வந்தது. "ஏறியது ஒண்ணு, இறங்கினது பூஜ்யம். அப்படின்னா ஆள் நடுவிலேயே குதிச்சுட்டார். வண்டி எங்கே மெதுவாப் போகும்?"

"ஒரு கிலோமீட்டர் கீழே, பெரிய வளைவுல..." மாஸ்டருக்கு அப்போதுதான் விஷயம் உறைத்தது. நாற்காலியைத் தேடிப் பிடித்து உட்கார்ந்தார். "அவர் அப்படிப்பட்ட பையன் இல்லை சார். அவர் எடுத்தார்னா என் பொண்ணு கதி? வேணாம் சார். நான் தொலைச்சுட்டேன்னே எழுதிடுங்க. என் வேலை போனாப் போகட்டும்."

துப்பறிவாளருக்குக் கொஞ்சம் வருத்தமாகத்தான் இருந்தது. ஆனால் தடயம் கையில் கிடைத்துவிட்டால் அவரைப் பிடித்து நிறுத்த முடியாது.

அந்த ஒரு கிலோமீட்டரையும் ஸ்லீப்பர் கட்டைகள் மேல் தாவித் தாவி நடந்தார்கள். கட்டைகளின் இடைவெளி இருக்கிறதே, எட்டி வைத்தால் ஒன்றரை அடி அதிகம், கிட்டத்தில் வைத்தால் அரை அடி குறைவு. ஒவ்வொரு அடிக்கும் இடுப்பு விண் விண் என்று தெறித்தது. வளைவில் ஈர மண். துப்பறிவாளர் குனிந்து, தவழ்ந்து, புதரை விலக்கி, கடைசியில் ஒரு செருப்புத் தடத்தைக் கண்டுபிடித்துக் கைதட்டினார்.

"அத்தான், அது உங்க செருப்பு. இப்பத்தான் வச்சீங்க."

குதித்த தடம் ஒன்றுகூட இல்லை. மழைக்கு ஊறிய மண்ணில் ஒரு கோழி நடந்திருந்தால்கூடத் தெரிந்திருக்கும். திரும்பி வரும்போது துப்பறிவாளர் வழியிலிருந்த ஒரு கல்லை உதைத்தார். அது மண்ணில் புதைந்திருந்த பெரிய கல்லின் நுனி. நொண்டிக்கொண்டே பயணிகள் அறைக்குள் நுழைந்தபோது மணி ஒன்று இருபத்தைந்து.

மடிப்புக் கலையாத சட்டைக்காரன் எழுந்து இடம் கொடுத்தான். "உக்காருங்க சார். கீழே போற வண்டி அடுத்தது நாலு மணிக்குத்தானே?"

"நீங்க மேலே போறவர் இல்லையா?" என்றான் மச்சினன்.

"இல்லைங்க. நாளைக்குக் கீழே நேர்முகம். காலையில வண்டியில மாமா ஆள் அனுப்பி ஏத்தி விடுவார்னு என் சம்சாரம் சொன்னா. எட்டரையிலேருந்து இங்கேதான் இருக்கேன். யாரும் கூப்பிடலை. பாஸும் அவர்கிட்ட. நானாப் போய்க் கேட்டா நல்லா இருக்காதேன்னு..." வாலிபன் தன் பெட்டியின் பூட்டைத் திருகினான்.

மச்சினன் வாய் பிளந்தான். "அடப்பாவி! உன்னைத் தேடித்தான்யா நாங்க புதர் புதரா விழுந்து எழுந்து வர்றோம்! காலையிலேருந்து என்கூட உக்காந்து சீட்டாடிக்கிட்டிருக்கே!"

துப்பறிவாளருக்குச் சுவரில் தலையை முட்டிக்கொள்ளலாம் போல இருந்தது. கட்டி எழுப்பிய மாளிகை பொலபொலவென்று உதிர்ந்துவிட்டது. இவன் ஏறவே இல்லை. அப்படியானால் முதல் வகுப்பில் ஜன்னல் ஓரமாகப் போனது யார்?

"தம்பி, ஒண்ணு கேக்கறேன். உங்க மாமனார் உங்களை எப்படிக் கூப்பிடுவார்?"

வாலிபன் தரையைப் பார்த்தான். "இந்தாங்க, பாருங்கன்னு ஏதாவது சொல்லுவார். இல்லேன்னா தொண்டையைச் செருமுவார்."

"மாப்பிள்ளைன்னு?"

"இந்த மூணு வாரத்துல ஒரு தடவைகூட இல்லைங்க. அப்பாவுக்கு அதுலதான் மனசு விட்டுப் போச்சு. பாயிண்ட்ஸ்மேன் பிள்ளையை மாப்பிள்ளைன்னு கூப்பிட வாய் கூசுதான்னு கல்யாணத்துக்கு மறுநாளே கேட்டார். அன்னையிலேருந்து பேச்சு இல்லை."

துப்பறிவாளர் அப்படியே நின்றார். ஜன்னல் ஓரமா *வச்சேன்*. மூடியில் ஒரு 'ளை'. வெள்ளை, கொள்ளை, பித்தளை... நொண்டலை மறந்து மாஸ்டரின் அறைக்கு ஓடினார். மாஸ்டர் ராஜினாமாக் கடிதம் மாதிரி ஒன்றைப் பாதி எழுதியிருந்தார்.

"சார், இந்த மூடியில என்ன எழுதியிருந்தது? உண்மையைச் சொல்லுங்க."

மாஸ்டர் பேனாவைக் கீழே வைத்தார். "மாப்பிள்ளை."

"யாரு?"

"டோக்கன்தான் சார். நாங்க ரெண்டு பேரும் அதை அப்படித்தான் சொல்லுவோம். அவர் வராம ஊர்வலம் நகராதில்லையா? 'மாப்பிள்ளை வந்தாச்சா', 'மாப்பிள்ளையை உள்ளே வை', இப்படியே பதினோரு வருஷம். கல்யாணத்துக்கு முதல் நாள்தான் சுரண்டினேன்."

"ஏன் சுரண்டினீங்க?" இந்தக் கேள்வி வாசலிலிருந்து வந்தது. பாயிண்ட்ஸ்மேன் நின்றுகொண்டிருந்தார். மகனைப் பயணிகள் அறையில் பார்த்துவிட்டுப் பின்னாலேயே வந்திருக்கிறார். கையில் ஒரு கசங்கிய சீட்டு இருந்தது. சுவரைப் பார்க்காமல் சம்பந்தியை நேராகப் பார்த்தே கேட்டார்.

துப்பறிவாளர் சீட்டை வாங்கிப் படித்தார். *மாப்பிள்ளையை ஒன்பது மணி வண்டியில், முதல் வகுப்பில், ஜன்னல் ஓரமாகப் பத்திரமாக அனுப்பவும்.* கீழே மாஸ்டரின் கையெழுத்து, ஸ்டேஷன் முத்திரை.

"வளையம் விரிசல் விட்டிருக்கு, சரி பண்ணணும்னு ரெண்டு தடவை எழுதி வச்சேன்," என்றார் பாயிண்ட்ஸ்மேன். "அதுக்குத்தான் கீழே அனுப்பச் சொல்றார், கட்டிக்கிட்டு அதே வண்டியில பதினோரு மணிக்குத் திரும்பிடும்னு நினைச்சேன். முதல் வகுப்புன்னதும், பழைய மாதிரி கேலி பண்றார், கோபம் தீந்துபோச்சுன்னு சந்தோஷமாக்கூட இருந்துச்சு. வண்டி வந்ததும் அவரே சிரிச்சுக்கிட்டு வருவார்னு பாத்தா, திருடன்னு கத்திக்கிட்டு வந்தார்."

"ஐயோ, நான் எழுதினது உங்க பையனை!" என்று எழுந்தார் மாஸ்டர்.

"எனக்கு எப்படித் தெரியும்? உங்க வாயில மாப்பிள்ளைன்னா அந்த உருண்டைதான். என் பையனை நீங்க ஒரு நாளாவது அப்படிக் கூப்பிட்டிருந்தா எனக்குச் சந்தேகமாவது வந்திருக்கும்." ஆஜானுபாகுவான மனிதர் எண்ணெய்த் துணியால் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

மாஸ்டர் மேஜையைப் பிடித்துக்கொண்டார். "அவர் பேரை ஒரு உருண்டைக்கு வைக்கக் கூடாதுன்னுதானே சுரண்டினேன். கூப்பிடணும்னுதான் தினம் நினைப்பேன். வாயைத் திறந்தா அந்த உருண்டை ஞாபகம் வந்து சிரிப்பு பொத்துக்கிட்டு வருது சம்பந்தி. அவர் எதிர்ல சிரிச்சுட்டேன்னா மரியாதை என்ன ஆகறது? அதான் சீட்டுலயாவது எழுதிடுவோம்னு எழுதினேன். நேர்ல வந்தா கூப்பிட வேண்டியிருக்குமேன்னு உள்ளேயே ஒளிஞ்சுக்கிட்டேன்."

கடிகாரம் ஒன்று முப்பத்தெட்டைக் காட்டியது.

"உங்க கண்ணீரையெல்லாம் அப்புறம் வச்சுக்கங்க," என்றார் துப்பறிவாளர். "ஜன்னல் ஓரத்துல எங்கே வச்சீங்க?"

"யாரும் தூக்கிட்டுப் போயிடக் கூடாதுன்னு மெத்தைக்கு அடியில தள்ளி வச்சேன். கீழே எடுத்துச் சரி பண்ண இவர் போன்ல சொல்லியிருப்பார்னு நினைச்சேன்."

"ஏறியது ஒண்ணு, இறங்கினது பூஜ்யம்," என்று துப்பறிவாளர் மெல்லச் சொன்னார். "இறங்கலைன்னா இன்னும் உள்ளேதானே இருக்கணும்! அதே வண்டிதானே இது!" சொல்லி முடிப்பதற்குள் அவர் கை தானாக வலது இடுப்புக்குப் போனது. முகம் ஒரு மாதிரி ஆகிவிட்டது.

மச்சினன் அந்தக் கையைப் பார்த்தான். முகத்தைப் பார்த்தான். "ஸ்பிரிங்கா அத்தான்?"

"வாயை மூடு."

"கேஸ் மேலேயே உக்காந்துக்கிட்டு மலையேறி வந்து, இறங்கி நின்னு கேஸைத் தேடின துப்பறிவாளர் உலகத்துலேயே—"

"வாயை மூடுன்னேன்!"

முதல் வகுப்பில், ஜன்னல் ஓரத்து மெத்தையைத் தூக்கியதும், தோல் பையும் விரிசல் விட்ட வளையமும் சமர்த்தாகப் படுத்திருந்தன. மாஸ்டர் அதை எடுத்து மார்போடு அணைத்துக்கொண்டார். டிரைவர் விசிலை நீளமாக ஊதினார். வண்டி முழுக்கக் கைதட்டியது. அதே நேரத்தில் கீழ் வளைவில் டிராலியின் சத்தம் கேட்டது.

வந்த இன்ஸ்பெக்டர் நின்ற வண்டியைப் பார்த்தார், கடிகாரத்தைப் பார்த்தார். மூன்று மணி நேரத் தாமதத்தை முழுங்கி மறைக்க முடியாது. பதிவேட்டை விரித்தார். "காரணம் எழுதுங்க. யார் தப்பு?"

துப்பறிவாளர் திருப்பிக் கொடுத்த, முத்திரை போட்ட சீட்டு பாயிண்ட்ஸ்மேனின் சட்டைப் பையில் இருந்தது. அதை நீட்டினால் அவர் தப்பித்துவிடுவார். அவர் பையைத் தொடவில்லை. மாஸ்டர் பேனாவை எடுத்து, "உத்தரவு எழுதியவர் தெளிவாக எழுதவில்லை" என்று எழுதிக் கையெழுத்துப் போட்டார். பாயிண்ட்ஸ்மேன் பேனாவை வாங்கி அதன் கீழே, "படித்தவரும் கேட்டுத் தெரிந்துகொள்ளவில்லை" என்று எழுதினார்.

இன்ஸ்பெக்டர் இரண்டு வரியையும் படித்துவிட்டு இருவரையும் மாறி மாறிப் பார்த்தார். "ரெண்டு பேருக்கும் ஆளுக்கொரு சிவப்பு மை. இனிமே வாயால பேசித் தொலைங்க," என்று சொல்லிவிட்டு நோட்டை மூடினார். வேலை தப்பித்தது. முப்பத்திநாலு வருஷத்தின் முதல் கோட்டை மாஸ்டர் கண் கலங்கப் பார்த்தார்.

வண்டி புறப்பட வேண்டும். பாயிண்ட்ஸ்மேன் வளையத்தைக் கையில் பிடித்து இன்ஜின் பக்கம் நின்றார். கொஞ்சம் தள்ளி, பெட்டியும் கையுமாக அவர் மகன் நின்றான். நாலு மணி வண்டிக்கு இன்னும் நேரம் இருந்தது. பாயிண்ட்ஸ்மேன் திருப்பிக் கொடுத்த பாஸை எடுத்துக்கொண்டு மாஸ்டர் அறையிலிருந்து வெளியே வந்தார். தொண்டையைச் செருமினார். ஒரு மூச்சை இழுத்து, பிளாட்பாரம் முழுக்கக் கேட்கும்படி கூப்பிட்டார்.

"மாப்பிள்ளை!"

பதினொரு வருஷப் பழக்கத்தில் பாயிண்ட்ஸ்மேனின் கை வளையத்தை நீட்டிவிட்டது.

சிரிப்பு வரும் என்று மூன்று வாரமாகப் பயந்த மாஸ்டருக்குச் சிரிப்பு வரவில்லை. பாயிண்ட்ஸ்மேன் நீட்டிய கையை மெல்ல இழுத்துக்கொண்டார். திரும்பி மகனைப் பார்த்தார்.

"உன்னைத்தான்டா," என்றார். "மாமா கூப்பிடறார். போ."